காந்தி சொல்லாததும் லண்டனில் ஒட்டாததும்



அடுத்த பொதுக்குழுக் கூட்டத்தின் அஜெண்டாவில் ஒன்பதாவது பொருளைப் பார்த்திருப்பீர்கள். எல்லா பிளாக்கிலும், ஒவ்வொரு தளத்திலும், லிஃப்ட் கதவுக்குப் பக்கத்தில் ஓர் அக்ரிலிக் பலகை. அதில் ஓர் ஊக்கமொழி, கீழே அதைச் சொன்னவர் பெயர், முடிந்தால் அவர் படம். செலவு பராமரிப்பு நிதியிலிருந்து. இப்போது தரைத்தளத்து வெள்ளைப் பலகையில் தினமும் யாராவது ஒரு நல்ல வாசகம் எழுதி வைக்கிறார்கள் அல்லவா, அதையே நிரந்தரமாக்கும் யோசனை இது. முன்மொழிந்தவர்கள் நல்ல மனதோடுதான் செய்திருக்கிறார்கள். மாதிரிக்கு 24 வாசகங்கள் கொண்ட ஒரு பட்டியலும் இணைத்திருக்கிறார்கள். அதில் ஒன்பது காந்தியடிகள் பெயரில், ஏழு அப்துல் கலாம் பெயரில் இருக்கின்றன.

அந்தப் பட்டியலைப் படித்ததில் வந்த விளைவுதான் இந்தக் கட்டுரை. நான் 37 வருடம் வங்கியில் கிளார்க்காக இருந்தவன். செக்கை நீட்டினால் தொகையைப் பார்ப்பதற்கு முன்னால் கண் கையெழுத்துக்குப் போகும். ஸ்பெசிமன் கார்டை எடுத்து ஒப்பிட்டுப் பார்த்த பிறகுதான் மற்றது. ஓய்வு பெற்ற பிறகும் அந்தப் பழக்கம் போகவில்லை.

நீங்கள் எல்லோரும் பார்த்திருக்கக்கூடிய ஒரு வாசகத்திலிருந்தே தொடங்கலாம். எந்த வங்கிக் கிளைக்குப் போனாலும், மேலாளர் அறைக்கு வெளியிலோ, கேஷ் கவுன்ட்டருக்கு மேலேயோ சட்டம் போட்டு மாட்டியிருப்பார்கள். பக்கத்தில் காந்தியின் பொக்கைவாய்ச் சிரிப்பு. நம் வளாகத்துக்கு வரும் வாடிக்கையாளர்தான் மிக முக்கியமான விருந்தினர் என்று ஆரம்பிக்கும். அவர் நம்மை நம்பி இல்லை, நாம்தான் அவரை நம்பி இருக்கிறோம். அவர் நம் வேலைக்கு இடைஞ்சல் இல்லை, நம் வேலையின் நோக்கமே அவர்தான். நாம் அவருக்கு உபகாரம் செய்யவில்லை, சேவை செய்ய வாய்ப்புக் கொடுத்து அவர்தான் நமக்கு உபகாரம் செய்கிறார். இப்படிப் போகும். கீழே மகாத்மா காந்தி என்று இருக்கும்.

இந்த வாசகத்துக்கு ஒரு பிறப்புச் சான்றிதழும் சேர்த்தே சொல்வார்கள். 1890இல் தென்னாப்பிரிக்காவில் காந்தி ஆற்றிய ஓர் உரையில் வருவதாக. இங்கேதான் கையெழுத்து இடிக்கிறது. 1890இல் காந்தி தென்னாப்பிரிக்காவில் இல்லை. 1888இல் சட்டம் படிக்க லண்டன் போனார். 1890இல் அவர் அங்கே 21 வயது மாணவர். சைவ உணவுக்காரர்களின் சங்கத்தில் சேர்ந்து, கூட்டத்தில் நாலு வார்த்தை பேசவே நாக்கு எழாமல் தவித்துக்கொண்டிருந்தார். 1891 ஜூனில் பாரிஸ்டர் பட்டம் பெற்று ஊர் திரும்பினார். டர்பன் துறைமுகத்தில் அவர் கால் வைத்தது 1893 மே மாதம். அவருடைய எழுத்தும் பேச்சும் கடிதமும் 100 தொகுதிகளாக அரசால் வெளியிடப்பட்டுள்ளன. ஒரு தந்தி, ஒரு போஸ்ட் கார்டு விடாமல் தொகுத்த நூல் அது. அதில் தேடியவர்களுக்கு இந்த வாசகம் அகப்படவில்லை.

அப்படியானால் எங்கிருந்து வந்தது? அச்சில் கிடைத்திருக்கும் பழைய வடிவங்களில் ஒன்று 1941ஆம் ஆண்டைச் சேர்ந்தது. அமெரிக்காவில் விளம்பரத் தொழிலுக்கென்று நடந்த 'பிரின்டர்ஸ் இங்க்' என்ற பத்திரிகையில் அது வந்தது. சொன்னவர் கென்னத் பி. எலியட், ஸ்டூட்பேக்கர் கார் கம்பெனியில் விற்பனைக்குப் பொறுப்பான துணைத் தலைவர். குதிரை வண்டி செய்து வளர்ந்து, பிறகு மோட்டார் காருக்கு மாறிய இண்டியானா மாநிலத்துக் கம்பெனி அது. வாடிக்கையாளர் நம்மை நம்பி இல்லை, நாம்தான் அவரை நம்பி இருக்கிறோம் என்ற வரிகள் அங்கே இருக்கின்றன. மெயின் மாநிலத்தில் பூட்ஸும் குளிர்கால உடைகளும் விற்கும் எல்.எல்.பீன் என்ற கடையும் இதே வாசகத்தைச் சுவரில் மாட்டி வைத்துப் பிரபலமாக்கியது. கார் விற்றவரின் பேச்சு, செருப்பு விற்றவரின் சுவர் என்று சுற்றி, கடைசியில் நம் ஊர் வங்கிச் சுவரில் காந்தியின் படத்துக்குக் கீழே வந்து உட்கார்ந்துவிட்டது.

யாரோ சொன்னதாக இருக்கட்டுமே, நல்ல கருத்துதானே என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. கருத்தில் குறை இல்லை. ஆனால் அந்தச் சட்டத்துக்குக் கீழே பல வருடம் உட்கார்ந்திருந்தவன் என்ற முறையில் இரண்டு விஷயம் சொல்லவேண்டும்.

வாசகம் ஆங்கிலத்திலும் இந்தியிலும் இருந்தது. கிளை இருந்தது தஞ்சாவூர் ஜில்லாவில். நகைக் கடனுக்கு வந்து காலையிலிருந்து நின்றுகொண்டிருந்த ஒரு பெரியவர், "அந்தத் தாத்தா படத்துக்குக் கீழே என்ன எழுதியிருக்கு தம்பி?" என்று என்னைக் கேட்டார். தமிழில் சொன்னேன். முழுக்கக் கேட்டுவிட்டு, "அப்படியா! அப்போ நான் உட்கார ஒரு பெஞ்சு போடச் சொல்லுங்க" என்றார். கோபமே இல்லை. சிரித்துக்கொண்டேதான் சொன்னார். யாரைப் புகழ்ந்து எழுதியிருந்ததோ அவரால் படிக்க முடியாத மொழியில் அது இருந்தது.

இன்னொன்று, அந்த வாசகம் யாரை நோக்கிப் பேசியது என்பது. மேலிடம் அதை ஊழியர்களுக்காக மாட்டியது. மாட்டியதோ வாடிக்கையாளர் பார்க்கும்படி. அதனால் என்ன நடந்தது தெரியுமா? பென்ஷன் நாளில் கூட்டம் முட்டும், லெட்ஜர் கிடைக்காது, இரண்டு பேர் லீவில் இருப்பார்கள். அப்போது ஒருவர் கையை நீட்டி அந்தச் சட்டத்தைக் காட்டுவார். "அதைப் படிச்சீங்களா சார்?" ஊக்கமொழி என்று மாட்டியது அந்த நேரத்தில் குத்தூசி. எங்களில் யாரும் அதைப் படித்து உற்சாகமாக வேலைக்குத் திரும்பியதாக எனக்கு நினைவில்லை.

வங்கிச் சேவை மேம்படவில்லை என்று சொல்லவில்லை. நிறையவே மேம்பட்டது. 1969 ஜூலை 19ஆம் தேதி 14 வங்கிகள் தேசியமயமான பிறகு கிளைகள் கிராமம் கிராமமாகப் பெருகின. கூட்டமும் புகாரும் சேர்ந்தே பெருகின. 1975இல் ஆர்.கே. தல்வார் தலைமையில் வாடிக்கையாளர் சேவைக்கென்று ஒரு குழு அமைத்தார்கள். 1990இல் கோய்போரியா தலைமையில் இன்னொன்று. 1995இல் வங்கிக் குறைதீர்ப்பாளர் திட்டம் வந்தது. இவற்றோடு கம்ப்யூட்டரும் வந்தது. முன்பு ஒரு பாஸ் புத்தகம் பதிவு செய்ய மூன்று மேஜை தாண்டவேண்டும். பிறகு அது இரண்டு நிமிட வேலையாயிற்று. சுவரில் இருந்த சட்டம் மட்டும் அப்படியே இருந்தது, வெள்ளையடிக்கும்போது இறக்கி மறுபடி மாட்டப்பட்டு.

காந்தி பெயரில் உலவும் இன்னொரு வாசகமும் நம் பட்டியலில் முதல் இடத்தில் இருக்கிறது. உலகில் நீ காண விரும்பும் மாற்றமாக நீயே இரு என்பது. இதை டி-ஷர்ட்டிலும் காபிக் கோப்பையிலும் பார்த்திருப்பீர்கள். இந்த வடிவம் 1970களில் ஆர்லீன் லாரன்ஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி எழுதியது. நியூயார்க் நகரின் புரூக்ளின் பகுதியில் ஓர் உயர்நிலைப் பள்ளியில் ஆசிரியையாக இருந்தவர் அவர். காந்தி இதற்கு அருகில் வரும் ஒன்றை எழுதியிருக்கிறார் என்பது உண்மைதான். தென்னாப்பிரிக்காவில் அவர் நடத்திய 'இந்தியன் ஒப்பீனியன்' பத்திரிகையில் 1913இல் உடல்நலம் பற்றி ஒரு தொடர் எழுதினார். அதில் பாம்புக்கடியைப் பற்றிய பகுதியில், மனிதன் தன் சுபாவத்தை மாற்றிக்கொண்டால் உலகம் அவனிடம் நடந்துகொள்ளும் விதமும் மாறும் என்ற பொருளில் எழுதுகிறார். பாம்பைக் கண்டவுடன் அடிக்கத்தான் வேண்டுமா என்று யோசித்துக்கொண்டே எழுதியவர் அவர். அந்த யோசனை, தயக்கம், பாம்பு எல்லாம் உதிர்ந்துபோய், கோப்பையில் அச்சடிக்கத் தோதாக ஒரு வரி வேறொருவர் கையில் பிறந்தது. எனக்கென்னவோ பாம்போடு இருப்பதுதான் பிடித்திருக்கிறது.

ஒற்றை வரி நமக்குப் புதிது ஒன்றும் இல்லை என்று சிலர் சொல்லக்கூடும். உண்மைதான். ஔவையாரின் ஆத்திசூடியை அகர வரிசையோடு சேர்த்து வாயால் சொல்லித்தான் நம் பாட்டிமார் காலத்துப் பிள்ளைகள் எழுத்தே கற்றார்கள். அரசுப் பேருந்தில் ஏறினால் ஓட்டுநருக்குப் பின்னால் குறள் இருக்கும், கீழே பொருள் இருக்கும், யார் எழுதியது என்பதில் யாருக்கும் சந்தேகம் வராது. ஆத்திசூடியிலும் யார் யாருக்குச் சொல்கிறார்கள் என்பது தெளிவு: மூத்தவள் ஒருத்தி குழந்தைகளுக்கு. பின்னால் பாரதியார் அதே அகர வரிசையில் புதிய ஆத்திசூடி எழுதியபோது கேட்பவர் மாறிவிட்டார். அடிமைப்பட்டுக் கிடந்த நாட்டின் இளைஞர்கள். அதனால் சினத்தைப் பற்றி ஔவை சொன்னதற்கு நேர் எதிராக அவர் சொல்ல முடிந்தது. ஆள் மாறினால் அறிவுரையும் மாறும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது.

இந்த 'யார், யாருக்கு' என்பதில் ஓர் அரசாங்கமே சறுக்கிய கதை ஒன்று உண்டு. உங்களில் பலர் வீட்டில் அதற்கான சாட்சியம் இருக்கிறது. சிவப்புப் பின்னணி, மேலே வெள்ளை நிறத்தில் ஒரு கிரீடம், அதன் கீழே 'கீப் காம் அண்ட் கேரி ஆன்' என்று ஐந்து ஆங்கிலச் சொற்கள். பதறாதே, உன் காரியத்தைத் தொடர்ந்து செய் என்று அர்த்தம். கோப்பை, தலையணை உறை, மொபைல் கவர் என்று எதில் வேண்டுமானாலும் வரும். நம் பிள்ளைகள் அதைத் திருத்தி 'கீப் காம், பிரியாணி சாப்பிடு' என்றெல்லாம் போட்டுக்கொள்கிறார்கள்.

1939 கோடைக்காலம். ஜெர்மனியோடு போர் வரப்போவது பிரிட்டனுக்குத் தெரிந்துவிட்டது. வந்தால் முதல் நாளே விமானங்கள் குண்டு வீசும், ஆயிரக்கணக்கானோர் சாவார்கள், ஜனங்கள் பீதியில் சிதறுவார்கள் என்று அதிகாரிகள் எதிர்பார்த்தார்கள். அதற்காகத் தகவல் அமைச்சகம் ஒன்றைத் திட்டமிட்டார்கள். அந்தத் திட்டத்தின் ஒரு பகுதியாக மூன்று சுவரொட்டிகள் தயாராயின. முதலாவது, உங்கள் துணிவும் உங்கள் மலர்ச்சியும் உங்கள் உறுதியும் நமக்கு வெற்றியைக் கொண்டுவரும் என்றது. இரண்டாவது, சுதந்திரத்துக்கு ஆபத்து, முழு பலத்தோடு அதைக் காத்திடுங்கள் என்றது. மூன்றாவதுதான் நம் கோப்பையில் இருப்பது. ஆகஸ்ட் 23க்கும் செப்டம்பர் 3க்கும் இடையில் மூன்றாவதை மட்டும் 24,50,000 பிரதிகள் அச்சடித்தார்கள். செப்டம்பர் 3ஆம் தேதிதான் போர் அறிவிக்கப்பட்டது.

முதல் இரண்டையும் உடனே ஒட்டினார்கள். ரயில் நிலையம், கடைவீதி, பேருந்து எங்கும். மூன்றாவதை, பெரிய குண்டுவீச்சு நடந்தால் ஒட்டலாம் என்று கிடங்கில் வைத்துக்கொண்டார்கள்.

ஒட்டியவை என்ன ஆயின? ஜனங்களுக்கு எரிச்சல் வந்தது. பத்திரிகைகள் சாடின. சாமானிய மக்களின் பேச்சையும் மனநிலையையும் பதிவு செய்வதற்காக 1937இல் தொடங்கப்பட்ட 'மாஸ் அப்சர்வேஷன்' என்ற அமைப்பு தெருவில் இறங்கி விசாரித்தது. 'உறுதி' என்பதற்கு அங்கே போட்டிருந்த கனமான சொல் பலருக்குச் சரியாகப் புரியவே இல்லை. அதைவிடப் பெரிய சங்கடம் இரண்டு சின்னஞ்சிறு சொற்களில் இருந்தது. 'உங்கள்' துணிவு, 'நமக்கு' வெற்றி. உயிரைக் கொடுப்பது நாங்கள், ஜெயிப்பது நீங்களா என்று தொழிலாளர்கள் படித்துக்கொண்டார்கள். எழுதியவர்கள் அப்படி நினைக்கவில்லை. 'நமக்கு' என்பதில் எல்லோரையும் சேர்த்துத்தான் எழுதினார்கள். ஆனால் மேலே கிரீடம் போட்ட சுவரொட்டி 'நாம்' என்று சொன்னால், கீழே நிற்பவனுக்கு அந்த 'நாம்' எப்படிக் கேட்கும் என்பதை அவர்கள் யோசிக்கவில்லை.

எதிர்பார்த்த குண்டுவீச்சும் உடனே வரவில்லை. மாதக்கணக்கில் ஒன்றும் நடக்காமல் போயிற்று. ஒன்றும் நடக்காத ஊரில் பதறாதே என்று ஒட்டினால் சிரிப்பார்கள். 1940 ஏப்ரலில் போருக்காகக் காகிதம் சேமிக்கும் இயக்கம் நடந்தபோது, கிடங்கிலிருந்த மூன்றாவது சுவரொட்டியைக் கூழாக்க அனுப்பினார்கள். லண்டன் மீது தொடர் குண்டுவீச்சு ஆரம்பித்தது 1940 செப்டம்பர் 7ஆம் தேதி. எதற்காக அச்சடித்தார்களோ அந்த நாள் வந்தபோது அந்தச் சுவரொட்டி கூழாகிவிட்டிருந்தது. லண்டன்காரர்கள் அதைப் படிக்காமலேயே இரவில் சுரங்க ரயில் நிலையங்களில் படுத்து எழுந்து காலையில் வேலைக்குப் போனார்கள்.

பிறகு அரசாங்கம் கற்றுக்கொண்டது என்றே நினைக்கிறேன். போர்க்காலத்தில் ஜனங்கள் காதில் நின்ற பிரச்சாரங்கள் வேறு மாதிரி இருந்தன. தோட்டத்தில் குழி தோண்டிக் காய்கறி போடுங்கள் என்றது ஒன்று. கிழிந்த துணியைத் தைத்து ஒட்டுப் போட்டு உடுத்துங்கள் என்றது இன்னொன்று. எப்படி உருளைக்கிழங்கு நடுவது, காலுறையை எப்படித் தைப்பது என்று கையேடும் கூடவே கொடுத்தார்கள். துணிவாக இரு என்று சொல்வதை விட்டுவிட்டு, கைக்கு ஒரு வேலை கொடுத்தார்கள்.

சுவரொட்டியின் கதை அறுபது வருடம் கழித்து மறுபடி ஆரம்பிக்கிறது. இங்கிலாந்தின் வடகோடியில் ஆனிக் என்ற சிற்றூர். அங்கே மூடிப்போன பழைய ரயில் நிலையத்தில் மேரி மேன்லி, ஸ்டூவர்ட் மேன்லி தம்பதியர் 'பார்ட்டர் புக்ஸ்' என்ற பழைய புத்தகக் கடை நடத்துகிறார்கள். 2000ஆம் ஆண்டு, ஏலத்தில் எடுத்த ஒரு பெட்டிப் புத்தகங்களின் அடியில் மடித்து வைத்த ஒரு தாள் கிடைத்தது. மூன்றாவது சுவரொட்டி. கூழாகாமல் தப்பிய பிரதி. மேரி அதற்குச் சட்டம் போட்டுக் கல்லாப்பெட்டிக்குப் பக்கத்தில் மாட்டினார். வந்தவர்களெல்லாம் விலைக்குக் கேட்டார்கள். மறுவருடம் நகல் எடுத்து விற்க ஆரம்பித்தார்கள். 2005இல் ஒரு தேசிய நாளிதழில் அதைப் பற்றி வந்ததும் விற்பனை எகிறியது. காப்புரிமைக் காலம் முடிந்த அரசு வெளியீடு என்பதால் யார் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம். அச்சடித்தார்கள், உலகம் பூராவும். 2011இல் வேறொரு நிறுவனம் அந்த ஐந்து சொற்களையே ஐரோப்பாவில் வணிகக் குறியாகப் பதிவு செய்துகொண்டது, மேன்லி தம்பதியர் ஆட்சேபித்தும்.

அதே அமைச்சகம், அதே நோக்கம். ஒட்டியதை ஜனங்கள் வெறுத்தார்கள், ஒட்டாததைக் காசு கொடுத்து வாங்குகிறார்கள். நான் இதைப் பற்றிப் படித்தவரையில், எனக்குத் தோன்றும் காரணம் இதுதான். 1939இல் அது மேலேயிருந்து வரும் ஆணை. அதைச் சுவரில் ஒட்டியவர் நீங்கள் இல்லை. 2005இல் நீங்களே கடைக்குப் போய், நமக்கு இது வேண்டும் என்று தேர்ந்தெடுத்து, உங்கள் அடுப்படியில் மாட்டிக்கொள்கிறீர்கள். கிரீடம் இப்போது வேடிக்கைப் பொருள். வேண்டாம் என்றால் நாளைக்கே எடுத்துவிடலாம்.

தனக்குத்தானே சொல்லிக்கொண்டால் போதும், பலித்துவிடும் என்று ஒரு காலத்தில் உலகமே நம்பியது. பிரான்ஸில் எமில் கூவே என்ற மருந்துக்கடைக்காரர் இருந்தார். மருந்தைக் கொடுக்கும்போது இது கைகண்ட மருந்து என்று நாலு வார்த்தை சேர்த்துச் சொன்னால் நோயாளிக்குச் சீக்கிரம் குணமாவதைக் கவனித்தார். பிறகு நான்சி என்ற ஊரில் தங்கி மக்களுக்கு ஒரு முறையைச் சொல்லிக்கொடுத்தார். தான் நாளுக்கு நாள் தேறி வருவதாக ஒரே ஒரு வாக்கியம். காலை எழுந்தவுடனும் இரவு படுக்கும்போதும் கண்ணை மூடி 20 தடவை முணுமுணுக்க வேண்டும். எண்ணிக்கை தவறாமல் இருக்க 20 முடிச்சுப் போட்ட கயிறு. நம் ஜபமாலை மாதிரிதான். 1923இல் அவர் அமெரிக்கா போனபோது கூட்டம் மொய்த்தது. இன்றைக்கு வாட்ஸ்அப்பில் காலை ஐந்தரைக்கு நமக்கு வருகிற 'நான் வெற்றியாளன்' வகை வாசகங்களுக்கெல்லாம் அவர் தாத்தா என்று சொல்லலாம்.

இதைச் சோதித்தும் பார்த்திருக்கிறார்கள். கனடாவில் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தின் ஜோவன் வுட் என்ற உளவியல் பேராசிரியை 2009இல் சக ஆய்வாளர்களோடு ஓர் ஆய்வு வெளியிட்டார். தான் அன்புக்குரியவன் என்ற பொருளில் ஒரு வாக்கியத்தைத் தங்களுக்கே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொள்ளச் சொன்னார்கள். ஏற்கெனவே தன்னம்பிக்கை உள்ளவர்களுக்குக் கொஞ்சம் நன்றாக இருந்தது. தன்னைப் பற்றித் தாழ்வாக நினைப்பவர்களுக்கோ மனநிலை இன்னும் கெட்டது. சொல்லும்போதே உள்ளே ஒரு குரல் 'அப்படியெல்லாம் இல்லை' என்று எதிர்வாதம் செய்கிறது போலும். யாருக்கு மிகவும் தேவையோ அவருக்குத்தான் அது வேலை செய்யவில்லை.

இனி நம் லிஃப்ட் வாசலுக்கு வருகிறேன். நம் வளாகத்தில் 96 வீடுகள். எந்த நாளை எடுத்துக்கொண்டாலும் ஏதாவது ஒரு வீட்டில் ஒருவர் ஆஸ்பத்திரியில் இருப்பார். ஒரு பையனுக்கு ரிசல்ட் வந்திருக்கும், சரியாக வந்திருக்காது. ஒருவருக்கு வேலை போயிருக்கும், வீட்டில் இன்னும் சொல்லியிருக்கமாட்டார். வெள்ளைப் பலகையில் எழுதினால் மறுநாள் அழிந்துவிடும். அவர் அன்றைக்குப் பார்க்காமல்கூடப் போகலாம். அக்ரிலிக் பலகை அப்படி இல்லை. கஷ்டத்தில் இருப்பவர் ஒரு நாளைக்கு நாலு தடவை, லிஃப்ட் வரும்வரை, அதன் முன்னால் நிற்கவேண்டும். தோல்வியே வெற்றியின் முதல் படி என்று அது அவரிடம் வருடம் முழுக்கச் சொல்லிக்கொண்டிருக்கும். பணம் சங்கத்தினுடையது என்பதால் கழற்றவும் முடியாது.

அந்த வெள்ளைப் பலகையின் பூர்வீகம் புதிதாக வந்தவர்களுக்குத் தெரிந்திருக்காது. 2015 டிசம்பர் 1ஆம் தேதி இரவு பெய்த மழையில் சென்னை மூழ்கியபோது நம் தரைத்தளத்திலும் இடுப்பளவு தண்ணீர். கரண்ட் இல்லை, போன் இல்லை, லிஃப்ட் ஓடவில்லை. பி பிளாக் முதல் தளத்தில் இருந்த ஒரு டியூஷன் டீச்சர் தன் வீட்டுப் பலகையைக் கொண்டுவந்து மாடிப்படித் திருப்பத்தில் சாத்திவைத்தார். அதில் இருந்ததை நான் என் டைரியில் எழுதி வைத்திருக்கிறேன். மொட்டை மாடித் தொட்டியில் இன்னும் இரண்டு நாளைக்குத் தண்ணீர் இருக்கிறது. சி பிளாக் மூன்றாம் தளத்தில் கேஸ் அடுப்பு உண்டு, குழந்தைகளுக்குப் பால் காய்ச்சித் தரப்படும். இன்சுலின் யாருக்காவது தேவையா, எங்கள் வீட்டில் ஐஸ் பெட்டி இருக்கிறது. அடுத்த நாள் கீழே இன்னொரு கையெழுத்து சேர்ந்தது: தண்ணீர் ஒரு படி இறங்கிவிட்டது, நானே பார்த்தேன். அந்தக் கடைசி வரியைப் படித்துவிட்டுப் போவதற்காகவே ஆட்கள் மேலிருந்து இறங்கி வந்தார்கள். மறுநாள் காலை அதை அழித்து, இரண்டு படி என்று யாரோ எழுதியிருந்தார்கள்.

ஒன்பதாவது பொருள் வரும்போது நான் சொல்லப்போவதை இப்போதே சொல்லிவிடுகிறேன், கூட்டத்தில் நேரம் மிச்சமாகும். அக்ரிலிக் வேண்டாம். அந்தப் பணத்தில் தரைத்தளத்துப் பலகையைப் பெரிதாக மாற்றுங்கள். அதன் ஓரம் மஞ்சளாகிவிட்டது, மார்க்கரும் காய்ந்துவிட்டது. எழுதுகிறவர்கள் தொடர்ந்து எழுதட்டும், அது அவர்கள் அன்பு. பெரியவர்கள் பெயரைப் போடுவதற்கு முன் எந்தப் புத்தகத்தில், எந்த வருடம் என்று ஒரு தடவை பார்த்துவிடுங்கள். கிடைக்கவில்லை என்றால் உங்கள் பெயரையே போடுங்கள். நாலாம் தளத்து மாமி சொன்னது என்று போட்டால் நாங்கள் மறுக்கப்போவதில்லை, நேரில் பார்த்தால் கேட்டுக்கொள்ளவும் முடியும். பலகையில் கீழ்ப் பாதியைக் காலியாக விடுங்கள். இரவு ரத்தம் தேவைப்படுகிறவர், ஆட்டோவில் இடம் இருக்கிறவர், வீல் சேர் சும்மா கிடக்கிற வீட்டுக்காரர் எழுதிக்கொள்ள.

முன்மொழிந்தவர்களுக்கு என் மேல் வருத்தம் இருந்தால் கூட்டத்துக்கு முன்பே வீட்டுக்கு வாருங்கள். பட்டியலில் உள்ள 24 வாசகங்களில் இதுவரை பதினொன்றைச் சரிபார்த்து வைத்திருக்கிறேன். காபி குடித்துக்கொண்டே மீதியையும் பார்த்துவிடலாம்.